இரண்டாவது வளையம்

கவோலாக் நகரில் உப்பளம் பக்கமாக இருக்கிற எங்கள் தெருவில் லாத்தீர் ஜூஃபைத் தெரியாதவர் கிடையாது. ஏழு பேர் ஏறுகிற பழைய டீசல் பெஜோ காரை ஃபாத்திக்குக்கும் கவோலாக்குக்கும் நடுவே வருஷக்கணக்காக ஓட்டியவர். முழங்கால் மக்கர் பண்ணத் தொடங்கியதும் ஓட்டுவதை விட்டுவிட்டார். வண்டியை விற்க மட்டும் மனசு வரவில்லை. அது வாசல் வேம்படியிலேயே நிற்கும்.

ஞாயிற்றுக்கிழமையானால் தெருவில் உள்ள டீசல் கார்களுக்கு ஆயில் மாற்றித் தருவார். அதைத் தொழில் என்று சொல்லக்கூடாது, ஏனென்றால் கூலி வாங்கமாட்டார். வடித்த கறுப்பு ஆயிலை மட்டும் வைத்துக்கொள்வார். வேலிக் கம்பங்களில் பூசினால் கரையான் அண்டாது. எங்கள் தெரு வேலியெல்லாம் கன்னங்கரேலென்று நிற்பது அவர் உபயம்தான்.

அவர் வேலை செய்கிற முறையே தனி. முதலில் வண்டியைத் தெருமுனை வரை ஒரு ஓட்டு ஓட்டி வருவார். சூடேறினால்தான் ஆயில் இளகி, அடியில் இருக்கிற கசடும் சேர்ந்து இறங்கும். முன் சக்கரங்களைக் கனமான பலகைகள் மேல் ஏற்றி, பின் சக்கரத்துக்குக் கல் வைத்து, சாக்கை விரித்துப் படுத்து அடியில் நுழைவார். போல்ட்டைக் கழற்றினதும் பக்கவாட்டில் அறுத்த கேனில் ஆயில் கொட்டும். அது சொட்டுச் சொட்டாகும்வரை காத்திருப்பார். பிறகு பழைய ஃபில்டரைத் திருகி எடுப்பார். எடுத்ததும், ஃபில்டர் உட்காரும் இடத்தைத் துணியால் துடைத்து, விரலால் சுற்றிலும் ஒரு முறை தடவிப் பார்ப்பார். பழைய ஃபில்டரின் ரப்பர் வளையம் சூட்டில் இளகி என்ஜினோடு ஒட்டிக்கொண்டு நின்றுவிடுவது உண்டு. அதைப் பார்க்காமல் புதுசை அதன் மேலேயே மாட்டினால் வளையத்தின் மேல் வளையம் உட்கார்ந்துவிடும். கொஞ்ச நாள் தாங்கும், அப்புறம் பிதுங்கிக்கொண்டு ஆயிலெல்லாம் வெளியே போய்விடும். கண் ஏமாற்றும், விரல் ஏமாற்றாது என்பார்.

"என் கை பட்ட வண்டி ஒரு சொட்டு ஒழுகினது கிடையாது" என்று சொல்லிவிட்டு, உடனே அல்ஹம்துலில்லாஹ் என்று சேர்த்துக்கொள்வார். ஆனாலும் அந்தப் பெருமை அவர் உள்ளத்தில் ஓர் ஓரமாக உட்கார்ந்துதான் இருந்தது.

எதிர்வீட்டு யெரோ கான் ஃபூலா இனத்தவர். லாத்தீர் செரேர் இனத்தவர். இந்த இரண்டு இனத்தாருக்கும் நடுவே கேலி உறவு என்று ஒன்று உண்டு. உங்கள் ஊர் மாமன் மச்சான் கேலியைப் போலப் பத்து மடங்கு என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒருவரையொருவர் அடிமை என்பார்கள், திருடன் என்பார்கள், பெருந்தீனி என்பார்கள். யாரும் கோபித்துக்கொள்ளக் கூடாது. அப்படிப் பேசுவதில் ஒரு சொல்லையும் நிஜம் என்று எடுத்துக்கொள்ளவும் கூடாது. யெரோ வயதில் இளையவர் என்றாலும் லாத்தீரை டேய் என்றுதான் கூப்பிடுவார்.

யெரோ பல வருஷம் காபோன் நாட்டில் உழைத்துச் சேர்த்து ஒரு டீசல் கார் வாங்கியிருந்தார். மீலாது நபித் திருநாளுக்கு அவர் தாயாரைத் திவாவான் என்கிற புனித ஊருக்கு அழைத்துப் போக வேண்டும். அந்த அம்மா இதற்காகவே வடக்கே ஆற்றங்கரை ஊரிலிருந்து வந்து தங்கியிருந்தார். கிளம்புகிறதுக்கு முந்தின ஞாயிறு வண்டி லாத்தீர் வாசலுக்கு வந்தது. சந்தையில் அரமே நடத்துகிற உதிரி பாகக் கடையில் வாங்கின புது ஃபில்டரை மடியில் வைத்துக்கொண்டு யெரோ பெஞ்சில் உட்கார்ந்தார்.

"டேய் செரேர், உள்ளே படுத்துத் தூங்கிடாதே. ஆயில்னு நினைச்சு குடிச்சிடவும் செய்யாதே."

"உன் பாட்டன் எங்க வீட்டுப் பசுமாட்டைத் திருடினப்போ நாங்க தூங்கிக்கிட்டா இருந்தோம்?" என்று வண்டிக்கு அடியிலிருந்து குரல் வந்தது.

"திருடலடா, காப்பாத்தினோம். உங்க கையில விட்டிருந்தா மாட்டைக் கொம்போட தின்னுருப்பீங்க."

பெஞ்சில் இருந்தவர்கள் சிரித்தார்கள். லாத்தீர் அந்த நேரம்தான் பழைய ஃபில்டரைத் திருகி எடுத்தார். கொம்புக்கு ஒரு பதில் கொடுத்தாக வேண்டும். நாக்கு நுனிவரை வந்துவிட்டது, ஆனால் சரியான உருவத்தில் வரவில்லை. பழைய ஃபில்டரை ஓரமாக வைத்தார், கையை நீட்டிப் புதுசை வாங்கினார், அதன் ரப்பரில் ஆயில் தடவினார், மாட்டி இறுக்கினார். பதிலும் அதற்குள் கிடைத்துவிட்டது.

"கொம்பைத் தின்னாலும் தின்போம், உன் மாமியார் காய்ச்சின கஞ்சியைத் தின்னமாட்டோம்."

தெருவே சிரித்தது. பிற்பகல் தொழுகை வேளை ஆகிவிட்டது. அப்போது அஸர் பாங்கு சொன்னார்கள். ஆயிலை ஊற்றி, என்ஜினை ஓடவிட்டு அடியில் எட்டிப் பார்த்தார், ஒழுகல் இல்லை. கையைச் சோப்புப் போட்டுக் கழுவிவிட்டுத் தொழப் போனார்.

மீலாதுக்குப் போன வண்டி திவாவான் போய்ச் சேரவில்லை. பாதி வழியில் ஆயில் மொத்தமும் ரோட்டில் போய், என்ஜின் இறுகி நின்றுவிட்டது. நிழலே இல்லாத இடம். யெரோவின் தாயார் தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு மண்ணில் உட்கார்ந்திருந்தாராம். கடைசியில் ஒரு லாரி இழுத்துக்கொண்டு வந்து ஊரில் விட்டது. அந்த அம்மா திவாவானைப் பார்க்காமலே ஊருக்குத் திரும்பிப் போனார்.

யெரோ ஒரு ரப்பர்த் துண்டைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு தெருவெல்லாம் காட்டினார். ரோட்டோர மெக்கானிக் ஃபில்டரைப் பிடுங்கினபோது அது கிழிந்து வெளியே தொங்கிக்கொண்டிருந்ததாம்.

"பாருங்க, புது ஃபில்டர் ரப்பர் இது. தொட்டா பிஞ்சு வருது. அரமே போலிச் சரக்கை வித்து என் தலையில கட்டிட்டா."

லாத்தீர் அதைக் கையில் வாங்கிப் பார்த்தார். புது ரப்பர் மெத்தென்று இருக்கும். இது காய்ந்து, கெட்டிப்பட்டு, ஓரமெல்லாம் வெடித்துக் கிடந்தது. அப்படியே திருப்பிக் கொடுத்தார். வீட்டுக்குள் போய்க் கோழிக்கூண்டுக்குப் பின்னால் ஆயில் வடிய வைத்திருந்த பழைய ஃபில்டரை எடுத்தார். வளையம் இருக்க வேண்டிய பள்ளம் காலியாக இருந்தது.

அங்கேயே உட்கார்ந்துவிட்டார்.

பாங்கு அவசரத்தில் தடவிப் பார்க்க விட்டுப்போயிற்று என்று முதலில் தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். தொழுகையைச் சாட்சிக்கு இழுக்கிறோமே என்று உடனே உடம்பு கூசியது. பாங்கு அப்புறம்தானே சொன்னார்கள். ஃபில்டரை மாட்டும்போது அவர் நெஞ்சில் இருந்தது கொம்பும் கஞ்சியும்தான். நாலு பேர் சிரிக்க வேண்டும் என்ற ஆசைதான் விரலை எடுத்துக்கொண்டு போய்விட்டது.

நாளைக்குச் சொல்லிவிடலாம் என்று நினைத்தார். நாளை வந்தது. பள்ளிவாசலில் யெரோவுக்குப் பக்கத்தில்தான் நின்றார். தோளோடு தோள் இடித்து நின்று, குனிந்து, நெற்றியைத் தரையில் வைத்தபோது, எழுந்திருக்கவே வேண்டாம் என்று இருந்தது. சலாம் கொடுக்க யெரோ பக்கம் திரும்பினார், வாய் சலாம் சொன்னது, கண் தாழ்ந்துகொண்டது.

அரமே கடைக்கு ஆட்கள் போவது குறைந்தது. புருஷன் இறந்த பிறகு தனியாக நின்று அந்த உதிரி பாகக் கடையை நடத்துகிற பெண் அவர். ஒருநாள் சந்தை வழியாகப் போன லாத்தீரைக் கூப்பிட்டார். கடை மேஜை மேல் ஃபில்டர் அட்டைப்பெட்டிகள் எல்லாம் பிரித்துக் கிடந்தன. ஒரு புது ஃபில்டரை ரம்பத்தால் குறுக்காக அறுத்து வைத்திருந்தார்.

"அண்ணே, உங்களைவிட இதைப் பத்தித் தெரிஞ்சவங்க இந்த ஊர்ல யாரு இருக்கா? நானும் பிரிச்சுப் பிரிச்சுப் பார்த்துட்டேன். எங்க கோளாறுன்னு என் கண்ணுக்குத் தெரியல. நீங்க பார்த்துச் சொல்லுங்க. கெட்ட சரக்குன்னா எல்லாத்தையும் கொண்டுபோய்க் கொட்டிடுறேன். ஹராமான சம்பாத்தியம் என் பிள்ளைங்களுக்கு வேண்டாம்."

அறுத்த ஃபில்டரை லாத்தீர் கையில் வாங்கினார். உள்ளே காகித மடிப்புகள் புத்தகத் தாள்கள் மாதிரி ஒழுங்காக இருந்தன. குற்றம் சொல்ல ஒன்றுமில்லை.

"இதுல... பார்த்த மாத்திரத்துல சொல்ல முடியாதும்மா" என்றார்.

"நல்லாப் பாருங்கண்ணே. அவசரமில்ல."

"அப்புறமா வந்து பார்க்கிறேன்."

சந்தையைத் தாண்டும்வரை திரும்பிப் பார்க்காமல் நடந்தார். வளையத்தை விட்டது கைப்பிசகு. இப்போது சொன்னது கைப்பிசகு இல்லை.

அன்று சாயங்காலம் யெரோ வாசலில் நாலைந்து பேர் உட்கார்ந்திருக்க, தேநீர் கொதித்துக்கொண்டிருந்தது. லாத்தீர் நேராகப் போய் நின்றார். உட்காரவில்லை.

"யெரோ, உன் வண்டியைக் கெடுத்தது நான்தான்."

யெரோ அண்ணாந்து பார்த்தார். அவர் முகம் மெல்ல மலர்ந்தது.

"பார்த்தீங்களா, அடிமை கடைசியில எஜமான்கிட்ட ஒத்துக்கிட்டான். என்னடா பண்ணின, என்ஜினைப் பசியில தின்னுட்டியா?"

எல்லோரும் தொடையைத் தட்டிச் சிரித்தார்கள். "செரேருக்கு ஆயிலும் குழம்பும் ஒண்ணுதானே" என்றார் இன்னொருவர்.

"நிஜமாத்தான் சொல்றேன்."

"நிஜமாத்தான்டா கேட்கிறேன், உப்பு சரியா இருந்துச்சா?"

தேநீர்க் கிளாஸ் கைக்கு வந்துவிட்டது. பக்கத்தில் இருந்தவர் நகர்ந்து இடம் கொடுத்தார். லாத்தீர் உட்கார்ந்தார். கொஞ்சம் சிரிக்கவும் செய்தார். சொல்லியாயிற்றே, நம்பாதது அவர்கள் பாடு என்று ஒரு நிம்மதி தேநீரோடு சேர்ந்து உள்ளே இறங்கியது. அந்த நிம்மதி எப்படிப்பட்டது என்று வீட்டுக்கு வந்து தொழுமுன் கைகால் கழுவி ஒளுச் செய்யக் குனிந்தபோது தெரிந்தது. உண்மையைக் கேலி உறவுக்குள் போட்டுப் புதைத்துவிட்டு, சொல்லிவிட்டேன் என்று அல்லாஹ்விடம் கணக்குக் காட்டப் பார்த்திருக்கிறார். தண்ணீர் கையில் இருந்தபடியே வழிந்து போயிற்று.

மறுநாள் பழைய ஃபில்டரைத் துணியில் சுற்றிக்கொண்டு யெரோவைக் கூப்பிட்டார். "அரமே கடை வரைக்கும் வா. அந்த ரப்பரையும் எடுத்துக்கோ."

"அவளை இன்னொரு பாட்டம் திட்டணுமா? நடடா."

கடையில் அரமே அந்த அறுத்த ஃபில்டரை இன்னும் மேஜை மேலேயே வைத்திருந்தார். அவர் வொலோஃப் இனத்தவர். லாத்தீருக்கும் அவருக்கும் நடுவே கேலி உறவு எதுவும் இல்லை. லாத்தீர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு அரமேயைப் பார்த்தே பேசினார்.

"உன் சரக்குல ஒரு குறையும் இல்லம்மா. நேத்து நீ கேட்டப்பவே எனக்குத் தெரியும். தெரிஞ்சேதான் சொல்லாமப் போனேன்."

"ஆரம்பிச்சுட்டான்" என்று யெரோ சிரிக்க வாயெடுத்தார்.

லாத்தீர் துணியைப் பிரித்துப் பழைய ஃபில்டரை வைத்தார். யெரோ கையிலிருந்த ரப்பர்த் துண்டை வாங்கி அந்தக் காலிப் பள்ளத்தில் வைத்து அழுத்தினார். கிழிந்த இடம் போக மீதி, பிறந்த இடத்துக்கு வந்த மாதிரி உட்கார்ந்துகொண்டது.

"இது புதுசோட ரப்பர் இல்ல. பழசோடது. என்ஜின்ல ஒட்டிக்கிட்டிருந்திருக்கு. நான் தடவிப் பார்க்கல. அதுக்கு மேலேயே புதுசை மாட்டினேன்."

யெரோ குனிந்து பார்த்தார். ரப்பரை எடுத்தார், திரும்ப வைத்தார். அது திரும்பவும் அப்படியே உட்கார்ந்தது. அவர் முகத்தில் இருந்த சிரிப்பு எப்போது போயிற்று என்று தெரியவில்லை.

"எங்கம்மா மண்ணுல உட்கார்ந்திருந்தா" என்றார்.

பிறகு அரமே பக்கம் திரும்பி, "தங்கச்சி, உன்னைப் பத்தி வாய்க்கு வந்ததெல்லாம் பேசிட்டேன். தெருவுல பேசினதைத் தெருவுலயே திருப்பிச் சொல்லிடுறேன், மன்னிச்சுக்க" என்றார். லாத்தீரைப் பார்க்காமல் வெளியே போனார்.

அரமே பெட்டிகளை அடுக்கத் தொடங்கினார். கடைசிப் பெட்டியை அடுக்கிவிட்டு, "நேத்தே சொல்லியிருக்கலாம்ணே" என்றார். லாத்தீர் தலையை ஆட்டினார்.

அதற்கப்புறம் யெரோ லாத்தீரோடு பேசாமல் இல்லை. அதுதான் கொடுமை. வழியில் பார்த்தால் நின்று, "அஸ்ஸலாமு அலைக்கும் அண்ணே, வீட்ல எல்லாரும் சௌக்கியமா?" என்று மரியாதையாகக் கேட்டார். டேய் இல்லை, அடிமை இல்லை, மாடு இல்லை. ஒவ்வொரு "அண்ணே"யும் லாத்தீர் காதில் சுடுகிற மாதிரி விழுந்தது. அவர் தன் பெஜோவின் சாவியைக் கொண்டுபோய் யெரோ வீட்டில் கொடுத்து, உங்க வண்டி தயாராகிறவரைக்கும் வச்சுக்குங்க என்றார். யெரோ வாங்கிக்கொண்டு நன்றி சொன்னார். தெரு ஆட்கள் ஞாயிற்றுக்கிழமை வண்டி கொண்டுவருவதும் நின்றிருந்தது. வேலிக் கம்பங்கள் வெளுக்க ஆரம்பித்தன. லாத்தீர் யாரிடமும் ஒன்றும் கேட்கவில்லை. என் கை பட்ட வண்டி என்ற பேச்சு அவர் வாயில் அப்புறம் வரவே இல்லை.

யெரோவின் வண்டிக்கு வேறு என்ஜின் பொருத்தினார்கள். மழை முடிந்து கடலைக்காய் பிடுங்குகிற சமயம், ஒரு ஞாயிற்றுக்கிழமை, அந்த வண்டி லாத்தீர் வாசலில் வந்து நின்றது. யெரோ இறங்கினார். கையில் அரமே கடைப் பெட்டி.

"ஆயில் மாத்தணும்" என்றார்.

லாத்தீர் அவர் முகத்தைப் பார்க்கத் துணியாமல் பலகைகளை எடுத்துப் போட்டார். சாக்கை விரித்தார். யெரோ பெஞ்சில் உட்கார்ந்தார். ஆயில் கேனில் விழும் சத்தம் மட்டும் கேட்டது. பழைய ஃபில்டர் கழன்று வந்ததும் லாத்தீர் வண்டிக்கு வெளியே கையை நீட்டி, அதன் வளையத்தைக் காட்டினார். யெரோ குனிந்து பார்த்து, "இருக்கு" என்றார்.

அப்போது அஸர் பாங்கு சொன்னார்கள்.

பிறகு பெஞ்சிலிருந்து, சன்னமாக, பழகாத ஆள் பேசுகிற மாதிரி ஒரு குரல் வந்தது.

"டேய் செரேர். ஒழுங்காப் பார்த்து மாட்டு. இந்தத் தடவை இந்த என்ஜினையும் தின்னேன்னா, உன்னைத்தான் வண்டியில பூட்டி ஓட்டுவேன்."

வண்டிக்கு அடியில் லாத்தீர் கண்ணைக் கண்ணீர் மறைத்தது. ஒரு பதில் நாக்கு நுனிக்கு வந்தது, நல்ல பதில், தெருவே சிரிக்கக்கூடியது. அவர் அதை அங்கேயே நிறுத்தினார். துணியால் துடைத்துவிட்டு, விரலை வைத்து அந்த இடத்தைச் சுற்றிலும் ஒரு முறை தடவினார். பிறகு இன்னொரு முறை.