அண்ணனுக்கு எழுதப்பட்ட சொல்

இடியோபதிக் என்ற சொல்லை நான் சம்பளத்துக்காகக் கற்றுக்கொண்டேன். காஞ்சிபுரத்தில் விலங்கியல் படித்துவிட்டு, மானாம்பதி வீட்டில் கோழிக்குத் தவிடு வைத்துக்கொண்டிருந்த எனக்குச் செங்கல்பட்டுப் பக்கம் ஒரு கம்பெனியில் மெடிக்கல் கோடிங் வேலை கிடைத்தது. என்ன வேலை என்று ஊரில் யாராவது கேட்டால் 'கம்ப்யூட்டர் வேலை' என்று சொல்லி முடித்துக்கொள்வேன். அமெரிக்காவில் ஆஸ்பத்திரிக்குப் போனவர்களைப் பற்றி அங்குள்ள டாக்டர்கள் எழுதிவைத்ததைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் அதற்கு உரிய எண்ணைப் போட வேண்டும். அந்த எண்ணைப் பார்த்துத்தான் அங்கே இன்சூரன்ஸ்காரன் பணம் கொடுப்பான்.

நோய்க்குக் காரணம் தேடியும் கிடைக்கவில்லை என்றால், டாக்டர்கள் நோயின் பெயருக்கு முன்னால் இந்தச் சொல்லைப் போடுவார்கள். நுரையீரல் காய்ந்துபோன கிழவருக்கு இருக்கும். முதுகெலும்பு வளைந்துபோன பெண்பிள்ளைக்கு இருக்கும். கிரேக்கத்திலிருந்து வந்த சொல்லாம். 'தன்னுடையது' என்பது ஒரு பாதி, 'துன்பம்' என்பது இன்னொரு பாதி. யாரும் கொடுக்காமல், எங்கிருந்தும் ஒட்டிக்கொள்ளாமல், தானாக வந்தது என்று பொருள். டாக்டர் காரணத்தை எழுதாமல் விட்டிருந்தால் அதற்கு வேறு சொல் உண்டு. எல்லாச் சோதனையும் செய்துவிட்டுக் கையை விரித்தால்தான் இது. முதல்முறை விளங்கியபோது எனக்குச் சிரிப்புதான் வந்தது. தெரியாது என்று சொல்ல வெட்கப்பட்டு ஓர் ஆள் கிரேக்கத்துக்குப் போய் ஒளிந்துகொண்டிருக்கிறான் என்று பக்கத்து சீட்டுக்காரியிடம் சொன்னேன்.

எங்களுக்குப் பயிற்சி கொடுத்த அம்மாவிடம் ஒரே சட்டம்தான். எழுதியிருந்தால் போடு, எழுதாததை நீயாக நினைத்துக்கொள்ளாதே. நோயாளி குண்டாக இருக்கிறார் என்பதற்காகச் சர்க்கரையும் இருக்கும் என்று நினைக்கக் கூடாது. அந்தச் சட்டம் எனக்குப் பிடித்திருந்தது. அடுத்த வீட்டில் உப்புக் குறைந்தால்கூட ஏன் குறைந்தது என்று தானே முடிவு கட்டிவிடும் ஊரில் பிறந்தவள் நான்.

எனக்கு ஒரே அண்ணன். நெல் கொள்முதல் நிலையத்தில் மூட்டை தூக்குபவன். பங்குனி சித்திரையில், ஊரில் நாய்கூட நிழலை விட்டு வராத வெயிலில், தலையில் துண்டைச் சுருட்டிக்கொண்டு லாரிக்கும் மூட்டை அடுக்குக்குமாக நடப்பான். குடிக்க மாட்டான். இதை நான் அழுத்திச் சொல்லக் காரணம் எங்கள் நைனா. நைனா குடித்தே செத்தவர். வயிறு வீங்கி, கண் மஞ்சளாகி, ரத்த வாந்தி எடுத்து, அம்மாவின் மடியிலேயே போனார். கூட வேலை செய்கிறவர்கள் எல்லாரும் சாயங்காலம் கடைக்குப் போகும்போது அண்ணன் மட்டும் டீயும் பன்னும் வாங்கித் தின்றுவிட்டு வீட்டுக்கு வருவான். அதற்காக அவனைக் கேலி செய்வார்கள். அவன் சிரித்துக்கொண்டு போய்விடுவான்.

வருஷத்துக்கு ஒரு நாள் மட்டும் அவன் அந்தக் கடை வாசலில் நிற்பான். போகியன்று எங்கள் பக்கம் செத்தவர்களுக்குப் படையல் போடுவது வழக்கம். இருக்கும்போது அவர்கள் எதற்கு ஆசைப்பட்டார்களோ அதை இலையில் வைக்க வேண்டும். நைனாவுக்குக் குவார்ட்டர் பாட்டில். பெற்ற பிள்ளைதான் அதை வாங்கி வர வேண்டும் என்று அம்மா பிடிவாதமாகச் சொல்வாள். அதனால் அண்ணன் முந்தின நாளே உத்திரமேரூருக்குப் போய் வரிசையில் நின்று வாங்கி, மஞ்சள் பையில் சுருட்டிக்கொண்டு பஸ் ஏறுவான். பனைமரத்தடியில் நின்று பால் குடித்தாலும் கள் என்பார்கள். இவன் நின்றது பனைமரத்தடிகூட இல்லை, சாராயக் கடை வாசல். பார்த்தவர்கள் பார்த்து வைத்துக்கொண்டார்கள்.

ஒரு சித்திரையில் அவனுக்குக் கால் வீங்கியது. முகம் ஊதியது. சோற்றைக் கண்டாலே குமட்டியது. அரசு ஆஸ்பத்திரிக்கு நானும் அண்ணியும் கூட்டிக்கொண்டு போனோம். ஸ்கேனில் இரண்டு கிட்னியும் சுருங்கிப்போயிருந்தன. முதலில் பார்த்த சின்ன டாக்டர், "குடிப்பியா?" என்றுதான் ஆரம்பித்தார். இல்லை என்றான் அண்ணன். அவர் எழுதியதை எட்டிப் பார்த்தேன். மது அருந்துவதை மறுக்கிறார் என்று இருந்தது. டாக்டர்கள் எழுதும் வழக்கம் அது, என் வேலையில் தினமும் பார்ப்பதுதான். ஆனாலும் அன்று அதைப் படித்தபோது போலீஸ் ஸ்டேஷனில் எழுதியது மாதிரி இருந்தது, எனக்குக் கோபம் வந்தது.

பெரிய டாக்டர் நல்ல மனிதர். சர்க்கரை இல்லை, கல் இல்லை, பிறவிக் கோளாறும் இல்லை என்று ஒவ்வொன்றாகச் சொல்லிவிட்டு, வெயிலில் பாடுபடுகிறவர்களுக்கு இப்படி வருகிறது என்று சிலர் சொல்கிறார்கள், உறுதியாகச் சொல்ல முடியாது என்றார். பிறகு அந்தச் சொல்லை எழுதினார். அமெரிக்கக் கிழவர்களுக்கு மட்டும் என்று நான் நினைத்திருந்த சொல், என் அண்ணன் பெயருக்குப் பக்கத்தில் நீல மையில் இருந்தது. 

வீட்டுக்கு வந்ததும் அம்மா கேட்டாள். "எதனாலயாம்?"

"எதனாலன்னு தெரியலையாம்மா."

"அது எப்டி தெரியாம பூடும்? உங்க நைனாவ கொண்டும்போனப்ப, பாத்த ஒடனே சொன்னாரே டாக்டரு."

நான் சொல்லின் பொருளைச் சொன்னேன். தேடிப் பார்த்தார்கள், கிடைக்கவில்லை, தானாக வந்தது.  அம்மா எழுந்து போய் அடுப்பில் விறகைத் தள்ளினாள்.

எங்கள் ஊரில் நோயாளியைப் பார்க்க வருகிறவர்கள் முதலில் கேட்பது, 'இப்ப எப்டிகீது?' என்றுகூட இல்லை. 'எதனால?' என்பதுதான். அதற்குப் பதில் வந்தால்தான் உட்காருவார்கள். பதில் இல்லாத வீட்டில் அவர்களே ஒரு பதிலை வைத்துவிட்டுப் போவார்கள். வந்தவர்கள் இளநீர் வாங்கி வந்தார்கள். 'குடிச்ச சூட்டுக்கு நல்லது' என்றார்கள். கிட்னி போனவனுக்கு இளநீர் ஆகாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். குலை குலையாக மூலையில் கிடந்தது. அண்ணன் சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொள்வான்.

ஒரு நாள் என்னைக் கூப்பிட்டான்.

"பாப்பா, செத்தா சாவுறேன். அத்த பத்தி இல்ல. ஆனா இவுங்க சொல்றத கேட்டுக்கினு சாவ முடியாது. நீதான் அந்த வார்த்தைய படிச்சிகிறியே. நீ சொல்லேன் இவுங்க கிட்ட."

மூட்டை தூக்கிச் சம்பாதித்ததில் அவன் சேர்த்து வைத்தது ஒன்றுமில்லை. அப்பன் மாதிரி இல்லை என்ற பெயர் ஒன்றுதான் அவன் சம்பாத்தியம். நோய் வந்த ஒரே மாதத்தில் ஊர் அதையும் எடுத்துக்கொண்டது.

நான் சொன்னேன். குழாயடியில் சொன்னேன், பஸ்ஸில் சொன்னேன், ரேஷன் கடை வரிசையில் கேட்காதவர்களிடமும் சொன்னேன். ஊர் வாயை மூட உலைமூடி ஏது. நைனாவின் தம்பி, எங்கள் சித்தப்பா, பக்கத்து வீடுதான். அவர் தினமும் குடிப்பவர், கல்லு மாதிரி இருக்கிறார். அவரிடமும் போனேன்.

"சித்தப்பா, எதனால வந்துதுன்னு தெரியலன்னு டாக்டரே எழுதிகிறாரு. குடியால இல்ல."

அவர் பீடியைக் கீழே வைத்துவிட்டு நிதானமாகத்தான் கேட்டார். "ஏம்மா, எதனாலன்னு டாக்டருக்கே தெரியல. குடியால இல்லன்னு மட்டும் உனுக்கு எப்டி தெரியும்?"

அவன் குடிக்க மாட்டான் என்பதால் தெரியும் என்றேன். "விரை ஒண்ணு போட்டா சுரை ஒண்ணா மொளைக்கும்?" என்று சொல்லிவிட்டுப் பீடியை எடுத்துக்கொண்டார். அவருக்குக் கெட்ட எண்ணம் எதுவும் கிடையாது. அண்ணனை ஆஸ்பத்திரிக்குப் பல தடவை வண்டியில் வைத்துக் கூட்டிக்கொண்டு போனவர் அவர்தான்.

நீயாக நினைத்துக்கொள்ளாதே என்ற சட்டத்தை நான் மட்டும் காப்பாற்றினேனா என்றால் இல்லை. வெயில் என்று நினைத்தேன். போர்வெல் தண்ணீர் என்று நினைத்தேன். இடுப்பு வலிக்கு அவன் கடையில் வாங்கி விழுங்கிய மாத்திரைகள் என்று நினைத்தேன். ஒவ்வொரு நாள் ஒவ்வொன்று உறுதியாகத் தோன்றும். ஏதாவது ஒன்றின் மேல் கோபப்பட்டால் போதும் என்று இருந்தது.

டயாலிசிஸ் ஆரம்பித்த பிறகு தண்ணீருக்கு அளவு வந்தது. ஒரு நாளைக்குக் குடிக்கக்கூடிய தண்ணீரை அண்ணி காலையிலேயே ஒரு பித்தளைச் சொம்பில் ஊற்றி வைப்பாள். சொம்பில் பாதிகூட வராது. அது தீர்ந்தால் தீர்ந்ததுதான். மத்தியானத்துக்குள் தீர்ந்துவிடும். பிறகு வாயை நனைத்துத் துப்புவான். நாங்கள் அவன் எதிரில் தண்ணீர் குடிப்பதை விட்டுவிட்டோம். வீட்டுக்குப் பின்னால் போய் மறைவாகக் குடிப்போம். ஊர் அவனைச் சொன்னது போல, நாங்கள்தான் ஒளிந்து குடித்துக்கொண்டிருந்தோம்.

"நல்லாயி வந்தா, ஒரு நாளு ஒரு சொம்பு தண்ணி, நெறைய, மூச்சு வுடாம குடிக்கணும்" என்று அண்ணியிடம் சொல்வான். "குடிக்கலாம், குடிக்கலாம்" என்பாள் அவள்.

அவனுக்கு நல்லாகவில்லை. புரட்டாசியில் ஒரு காலை, ஆஸ்பத்திரிக்குக் கிளம்பச் சட்டை போட்டுக்கொண்டிருந்தவன் அப்படியே கட்டிலில் உட்கார்ந்தான், சாய்ந்தான். சாவு வீட்டுக்கு வந்தவர்களும் எதனால் என்று கேட்டார்கள். பந்தலில் இருந்தவர்கள் கட்டை விரலை வாய்க்குச் சாய்த்துக் காட்டினார்கள். நான் பார்த்தேன். எழுந்து போய்ச் சண்டை போட எனக்குத் தெம்பு இல்லை.

பிறகு போகி வந்தது. சாவு விழுந்த வருஷம் வீட்டில் பண்டிகை கிடையாது, படையல் மட்டும் உண்டு. அம்மா இரண்டு இலை போட்டாள். நைனாவுக்கு ஒன்று, அண்ணனுக்கு ஒன்று. சோறு, கருவாட்டுக் குழம்பு, வடை, அண்ணனுக்குப் பிடித்த பன். கடைசியாக மஞ்சள் பையைப் பிரித்தாள். உள்ளே இரண்டு பாட்டில் இருந்தன. சித்தப்பாவை அனுப்பி வாங்கி வரச் சொல்லியிருக்கிறாள். ஒன்றை நைனாவின் இலையில் வைத்தாள். இன்னொன்றை அண்ணன் இலையில், பன்னுக்குப் பக்கத்தில் வைத்தாள்.

"இன்னாமா இது? அவன் குடிக்க மாட்டான்னு உனுக்கே தெரியும்."

"இருக்கட்டும்."

"எடுமா அத்த."

அம்மா எடுக்கவில்லை. என்னைப் பார்க்காமல் இலையின் நுனியைச் சரிசெய்துகொண்டே பேசினாள். "குடிச்சான்னே இருக்கட்டும்டீ. குடிக்காத புள்ள இன்னாத்துக்குச் செத்தான்? சொல்லு. நீதான் படிச்சிகிறியே. சொல்லு."

எனக்கு அந்தச் சொல்லின் இரண்டு பாதியும் தெரியும். எந்த நோய்க்கு முன்னால் வந்தால் எந்த எண் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். அம்மாவுக்குச் சொல்ல அதில் ஒன்றுமே இல்லை. குடியால் வரும் சாவு அவளுக்குத் தெரிந்த சாவு. அதற்கு எப்படி அழ வேண்டும், யாரைத் திட்ட வேண்டும், எப்போது எழுந்து அடுப்பு மூட்ட வேண்டும் என்று நைனா அவளுக்குக் கற்றுக்கொடுத்துவிட்டுப் போயிருந்தார். தானாக வந்த சாவை வைத்துக்கொண்டு அவள் என்ன செய்வாள். அண்ணனின் நல்ல பெயரைக் கொடுத்துத்தான் அவளால் ஒரு காரணத்தை வாங்க முடிந்தது. எனக்கு அவள் மேல் வந்த கோபம் இன்னும் போகவில்லை, ஆனாலும் பாட்டிலை எடுக்க என் கை போகவில்லை.

 அண்ணி உள்ளே போனாள். அந்தப் பித்தளைச் சொம்பைப் புளி போட்டுத் தேய்த்திருந்தாள். அதை விளிம்பு வரைக்கும் தண்ணீர் நிரப்பி, சிந்தாமல் கொண்டுவந்து, இலையில் பாட்டிலுக்கு இந்தப் பக்கம் வைத்தாள். அம்மா அதைப் பார்த்தாள். தள்ளி வைக்கவில்லை. கற்பூரம் ஏற்றினோம்.

படைத்ததை வீணாக்கக் கூடாது, வீட்டில் இருப்பவர்கள்தான் எடுத்துக்கொள்ள வேண்டும். சித்தப்பா வந்து நைனாவின் பாட்டிலை எடுத்துக்கொண்டார். பிறகு அண்ணனுடையதையும் எடுத்தார்.

"நல்ல புள்ள" என்றார். அவர் கண் கலங்கியிருந்தது. "இது ஒண்ணுதான் அவங்கிட்ட கெட்டது."

"அவன் குடிக்கல சித்தப்பா."

"செரிம்மா. செரி" என்றார், துக்க வீட்டில் எதற்கும் தலையாட்டுகிறவர் போல.

அண்ணி சொம்பை எடுத்தாள். அண்ணாந்து, நடுவில் மூச்சு விடாமல், தண்ணீர் கழுத்தில் வழிய வழிய முழுவதையும் குடித்துவிட்டு, காலிச் சொம்பை அம்மாவுக்கு எதிரில் கவிழ்த்து வைத்தாள்.