கையெழுத்துப் போடாத பொருளாளர்

எங்கள் அப்பா மறைந்து ஓராண்டு நிறைவடையும் இந்நாளில், அவரை நினைத்து வந்திருக்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம். மூத்த மகள் என்பதால் இந்த நினைவு மலரில் எழுதும் பொறுப்பு எனக்கு வந்தது.

அப்பா திருப்பருத்திக்குன்றத்தை அடுத்த ஒரு குடியிருப்பில், ஒரு சென்ட் நிலம்கூட இல்லாத கூலிக் குடும்பத்தில் பிறந்தார். பள்ளியோடு நின்றிருக்க வேண்டியவரைக் கல்லூரியில் சேர்த்துவிட்டவர் ஒரு கட்சிக்காரர். அந்த நன்றியில் கட்சிக்குள் போனவர் கடைசிவரை வெளியே வரவில்லை. பகலில் சின்ன காஞ்சிபுரத்துப் பட்டுக்கடைகளுக்கு வரிக்கணக்குப் பார்ப்பார், மாலையானால் கரைவேட்டி. எங்கள் பள்ளி விழா எதற்கும் வந்ததில்லை. வட்டச் செயலாளர் வீட்டுக் காதுகுத்து என்றால் முதல் ஆளாக நிற்பார். அதற்காக அம்மா போட்ட சண்டைகளை எழுத இந்த மலர் போதாது.

அப்பா நகரப் பொருளாளர் ஆனபோது இனிப்பு கொடுத்து மகிழ்ந்தோம். வீட்டுக்குள் பயம் வந்ததும் அந்தப் பொறுப்பால்தான். கட்சி அலுவலகக் கட்டடத்துக்கென்று தொண்டர்களிடம் திரட்டிய நிதி முழுவதும் செலவாகிவிட்டதாகக் கணக்கு தயாரானது. இடத்தில் அஸ்திவாரம்கூடப் போட்டிருக்கவில்லை. அந்தக் கணக்கோடு வீட்டுக்கு வந்தவர் நகரச் செயலாளர். நாங்கள் பெரியப்பா என்று அழைத்து வளர்ந்தவர்.

"கட்டடம் எப்படியும் வந்துடும்பா. நீ ஒரு கையெழுத்துதான போடணும்?"

"வரட்டும்ணா. வந்ததும் போடறேன்."

பெரியப்பா சிரித்தார். காபியைத் தொடாமல் எழுந்து போனார்.

அதன்பின் கூட்டங்களுக்கு அப்பாவை யாரும் அழைக்கவில்லை. எதிரே வந்தவர்கள் போனைக் காதில் வைத்துக்கொண்டு கடந்தார்கள். ஒரு நாள் காலை எங்கள் தெரு முழுவதும் அப்பாவின் படம் போட்ட கண்ணீர் அஞ்சலி சுவரொட்டி. இப்படிப்பட்ட சுவரொட்டியில் வருந்துவோர் பெயர்கள் அடியில் வரிசையாக இருக்கும். இதில் ஒரு பெயரும் இல்லை. பசைகூடக் காயவில்லை. அம்மா அழுதுகொண்டே கிழித்தார். அப்பா பக்கத்தில் நின்று பார்த்தார்.

"படம் நல்லாத்தான் இருக்குது. ஒண்ணு எடுத்து வச்சிக்கோமா. அப்பறம் தேடிக்கினு இருக்காதீங்க."

எங்களுக்குச் சிரிப்பு வரவில்லை. பொறுப்பை விட்டுவிடச் சொல்லி அம்மா கெஞ்சினார். "நான் விட்டா வேற எவனாவது கையெழுத்து போட்டுக் குடுத்துடுவான்மா" என்றார் அப்பா.

அடுத்த மாதம் ஓரிக்கையில் ஒரு துக்க வீட்டுக்குப் போய்த் திரும்புகையில் அப்பாவின் ஸ்கூட்டர் மீது ஏதோ ஒரு வாகனம் மோதிவிட்டுப் போனது. எந்த வாகனம் என்று இன்றுவரை தெரியவில்லை. விபத்து என்றே பதிவாகியிருக்கிறது. அதற்குமேல் சொல்ல என்னிடம் சான்று இல்லை. விபத்துதான் என்று நம்பவும் முடியவில்லை.

அப்பாவைத் தூக்கி ஆட்டோவில் ஏற்றிய முகம் தெரியாத தம்பிகளுக்கும், எங்களைத் தனியே விடாமல் காரியம் முடியும்வரை உடனிருந்த தெருவாருக்கும் எங்கள் நன்றி. பெரியப்பாவுக்கும் ஒரு நன்றி உண்டு. சென்ற வாரம் வீட்டுக்கு வந்திருந்தார்.

"மலர் செலவ கட்சி பாத்துக்கும்மா. அந்தக் கட்டட விஷயம் மட்டும் வேணாம். சின்னப் பசங்க இருக்கற வீடு."

இம்மலரை எங்கள் செலவில் அச்சிட்டிருக்கிறோம். கட்டட விஷயத்தையும் எழுதியிருக்கிறேன். எழுதினாலும் அடியில் உன் பெயரைப் போடாதே என்று அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். அம்மா மன்னிக்க வேண்டும்.

இப்படிக்கு,
க. மலர்விழி