பிணத்தின் கையில் சங்கு

ஒரு குற்றம் எப்படி நடந்தது என்பதைவிட, அதைச் செய்தவன் மறுநாள் காலையில் என்ன சாப்பிட்டிருப்பான் என்பதில்தான் உமாராணிக்குச் சிறு வயதிலிருந்தே ஆர்வம். தூத்துக்குடியை அடுத்த முத்தையாபுரத்தில் அப்பாவின் மளிகைக் கடைக்கு வருபவர்களிடம் அதையே கேட்பாள். பதில் சொன்னவர்கள் குறைவு.

சென்னைக்குப் போய் ஒன்பது ஆண்டுகள் துப்பறியும் தொடர்களில் உதவி இயக்குநராக இருந்தாள். முதன்முறை தனியாக இயக்க வாய்ப்பு வந்தபோது, தூத்துக்குடியில்தான் எடுப்பேன் என்று ஒரே பிடியாக நின்றாள். கதையில், சங்கு குளிக்கப் போனவர் கடலடியில் இறந்து கிடக்கிறார். விபத்து என்று ஊர் நம்புகிறது. கொலை என்பதை ஒரு ரகசிய வீடியோ காட்டிக்கொடுக்கிறது. அந்த வீடியோ மட்டும் அவளுக்கு உறுத்திக்கொண்டே இருந்தது.

பிணமாக நடிக்க வந்தவரால் நீருக்கடியில் பத்து நொடிகூட அசையாமல் கிடக்க முடியவில்லை. படகோடு வந்திருந்த சங்கு குளிக்கும் ஜேசுதாசனைக் கேட்டார்கள்.

"செத்த மாதிரி கெடக்கணும், அவ்வளவுதான?" என்றுவிட்டு இறங்கினார்.

உமாராணி படகிலிருந்த திரையில் பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு நிமிடத்துக்கு மேல் ஆடாமல் கிடந்தார். பிறகு வலது கை மட்டும் மணலில் மெல்ல நகர்ந்து மூடிக்கொண்டது. மேலே வந்தபோது கையில் ஒரு சங்கு.

"பொணம் சங்கு எடுக்குமா அண்ணாச்சி?"

"கையில தட்டுப்பட்டத எப்பிடிம்மா விட்டுட்டு வர?" அவருக்கே கொஞ்சம் வெட்கமாக இருந்தது.

படகே சிரித்தது. அவள் சிரிக்கவில்லை. "நெசமாவே ஒருத்தரு மூச்சு முட்டிச் சாவுதாருன்னு வைங்க. அப்பவும் சங்கு கையில இருக்குமா?"

ஜேசுதாசன் துண்டால் முகத்தைத் துடைத்தபடி யோசித்தார். "இருக்காது. மொதல்ல சங்கத்தான் விடுவோம். மேல வர ரெண்டு கையும் வேணும்லா. செத்தவன் கையில இருந்தா, எவனோ பொறவு வச்சிருக்கான்."

அன்றைக்கே வீடியோவைக் கதையிலிருந்து தூக்கிவிட்டு, பிணத்தின் கையில் இருக்கும் சங்கையே தடயமாக வைத்தாள். சென்னையில் தொலைக்காட்சி அலுவலகத்திலிருந்த பிரத்யும்னன், "எல்லாம் முடிவானப்புறம் மாத்துறீங்களே" என்று சலித்துக்கொண்டார். சங்குக் காட்சியை எடுத்து அனுப்பினாள். மறுநாள் போனில் அவர் ஒன்றுதான் கேட்டார்: "அப்போ வச்சது யாரு?"

தொடர் நன்றாக ஓடியது. மேலும் இரண்டு தொடர்கள் அவளிடம் வந்தன. ஜேசுதாசன் தன் மனைவி கிளாடிஸோடு முழுவதும் பார்த்துவிட்டு, ஒரு குறையை மட்டும் போனில் சொன்னார். "கடைசில அந்தப் போலீசு படகக் கட்டுதானே, அப்பிடிக் கட்டுனா அவுந்துரும்."

"அப்போ எப்பிடிக் கட்டணும்?"

போனில் சொல்லிப் புரியவில்லை. அடுத்த வாரம் தூத்துக்குடி திரேஸ்புரம் கரையில், ஜேசுதாசனின் படகுக்குப் பக்கத்தில் கையில் கயிற்றோடு நின்றாள்.