சலாலாவுக்குப் போன கோட்டு

2006 ஆகஸ்டில், ஒரு வியாழக்கிழமை மாலை மூன்று மணிக்குத் துபாயிலிருந்து ஓமன் நாட்டுச் சலாலாவுக்குப் பஸ் புறப்பட்டது. டிக்கெட் நூறு திர்ஹம். தூரம் ஏறத்தாழ ஆயிரத்து இருநூறு கிலோமீட்டர். என் மடியில் ஒரு புதுக் கோட்டு. துபாய் சத்வாவில் தையல் கடை வைத்திருக்கும் நான், அதைக் கசங்காமல் கொண்டு சேர்ப்பதற்காகவே போனேன்.

கோட்டு முருகேசனுக்கு. முன்பு என் ரூமில் இருந்த ராமநாதபுரத்துக்காரர். இப்போது சலாலாவில் இளநீர் வெட்டி விற்கிறார். கிரீஸ் நாட்டிலிருந்து ஆவணப்படம் எடுக்க வந்தவர்கள் அவரையும் காட்டப் போகிறார்களாம். "நான் நானாவே வரணுமாம் பாய். நல்ல கோட்டா ஒண்ணு தச்சுக் கொண்டாங்க" என்று போனில் உத்தரவு. அவராகவே வருவதற்கு எதற்குக் கோட்டு என்று கேட்க எனக்கும் தோன்றவில்லை. வளைகுடாவிலிருந்து ஊருக்குப் போகும் எந்தப் போட்டோவில் நாங்கள் வேலை செய்துகொண்டு நின்றிருக்கிறோம்? பின்னால் எவனுடைய காரோ நிற்கும், அவ்வளவுதான்.

பக்கத்து இருக்கை பாகிஸ்தான்காரர், "ஷாதி ஹை கியா, பாய்?" என்றார். கல்யாணமில்லை, சினிமா என்றேன். எல்லையில் நான் இறங்கி முத்திரை வாங்கி வரும்வரை கோட்டை அவரே பயபக்தியோடு ஏந்திக்கொண்டிருந்தார்.

வெள்ளி காலை ஏழரை. சலாலாவில் சாரல், சாலையோரம் தென்னை, வாழை. விடிய விடிய மணலைக் கடந்து வந்த எனக்குச் சிரிப்பே வந்துவிட்டது.

ஒன்பது மணிக்கு இளநீர்க் கடைக்குப் படக்குழு வந்தது. தலைமுடிக்கு மை அடித்து, கோட்டு மாட்டி, மாப்பிள்ளை போல நின்றார் முருகேசன். அரிவாளைப் பக்கத்துக் கடை மலையாளியிடம் கொடுத்திருந்தார். இயக்குநர் அம்மாள் பத்து நிமிடம் மலையாளியைப் படம் பிடித்துவிட்டு, முருகேசன் எங்கே என்று என்னிடம் ஆங்கிலத்தில் கேட்டார். கோட்டைக் காட்டினேன். தலையில் கை வைத்துக்கொண்டார். பன்னிரண்டு மணிக்கு அவர்கள் விமான நிலையத்துக்குக் கிளம்ப வேண்டும். முருகேசனே வெட்டினால் படம், இல்லாவிட்டால் அவர் படத்தில் இல்லை என்றார் அம்மாள்.

முருகேசன் என்னை ஒதுக்குப்புறமாக இழுத்தார். "வீட்ல சூப்பர்வைசர்னு சொல்லி வச்சிருக்கேன் பாய். பதினோரு வருசமா."

"அப்ப வீட்லயே கேட்டுருங்க" என்றேன்.

போன் போட்டு, தட்டுத் தடுமாறிச் சொல்லி முடித்தார். மனைவியின் குரல் எனக்கே கேட்டது.

"தெரியாதாக்கும்? லீவுல வந்தப்ப உள்ளங்கை பூராக் காச்சுக் கெடந்துச்சு. சூப்பர்வைசருக்கு அப்படிக் காய்க்குமா? அந்தக் காரு போட்டோவ இன்னும் எத்தன தடவ பாக்குறது! வெட்டுறத எடுக்கச் சொல்லுங்க, பிள்ளைகளுக்குக் காட்டணும்."

அரிவாளை வாங்கினார் மனுசன். கோட்டையாவது கழற்றச் சொல்லிக் கெஞ்சினேன், கேட்கவில்லை. மூன்றே வெட்டு, ஒரு இளநீர். நிறுத்தச் சொல்லியும் நிறுத்தாமல் பதினேழு இளநீர் வெட்டினார். இளநீர்க் கறை போகவே போகாது. என் தையல் போச்சே என்றிருந்தது. அவர் முகத்தைப் பார்த்துச் சந்தோஷமாகவும் இருந்தது.

மாலை பஸ்ஸில் திரும்பினேன். சனிக்கிழமை கடை திறந்ததும் கழுத்தில் அளவு டேப்போடு தையல் மிஷினில் உட்கார்ந்து ஒரு போட்டோ எடுக்கச் சொல்லி, என் ஊர் கீழக்கரைக்கு அனுப்பினேன். இரண்டு வாரத்தில் வீட்டிலிருந்து மனைவியின் போன்.

"இப்பத்தான் ஒங்க மொகமா இருக்கு" என்றாள்.