சேமக்காலையில் ஊதிய குழல்

சுவிஸிலிருந்து வருகிற சித்தப்பாமார் சொக்லேட் கொண்டுவருவார்கள். எங்கள் சித்தப்பா மரக்குழல் கொண்டுவந்தார். துண்டு துண்டாகக் கழற்றிக் கொண்டுவந்ததைப் பூட்டியபோது, தோட்டவெளி ஊரில் எங்கள் வீட்டு விறாந்தை போதாமல் அதன் வாய் முற்றத்து மணலில் கிடந்தது. சுவிஸில் மலைக்கிராமம் ஒன்றில் ஹோட்டல் சமையல் அவருக்கு. அந்த ஊரின் பழைய இசை அழியக்கூடாதென்று நாலு பேர் சேர்ந்து இந்தக் குழலை ஊதுவார்களாம். மூன்று பேர் வெள்ளைக்காரர், நாலாவது எங்கள் சித்தப்பா. பூப்போட்ட சட்டையும் தொப்பியுமாக அவர் நிற்கிற படத்தைப் பார்த்து அம்மா சிரித்த சிரிப்பு இருக்கிறதே!

அப்பா சிரிக்கவில்லை. தன் தகப்பனின் அடக்கத்துக்குத் தம்பி வரவில்லை என்ற கோபம் அவருக்கு ஆறவேயில்லை. “அங்க விசா கிடைக்காம எப்பிடி அண்ணை வாறது?” என்ற பதில் எடுபடவில்லை. கல்லறைத் திருநாளன்று தகப்பனின் கல்லறையில் ஊத வேண்டும் என்று சித்தப்பா கேட்டபோது, “செத்தவீட்டுக்கு வராதவன் இப்ப ஊத வந்திட்டான்” என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

அன்று சேமக்காலையில் பங்குச் சுவாமியார் தீர்த்தம் தெளித்துக் கல்லறைகளை மந்திரித்து முடித்ததும், சித்தப்பா தகப்பனின் கல்லறையடியில் குழலைப் பூட்டினார். மெழுகுதிரிகளை விட்டுவிட்டு சேமக்காலைச் சனம் முழுக்க அங்கே கூடிவிட்டது. பூமாலை தின்ன வந்த கழுதைகள்கூடக் காதை நிமிர்த்தின. கப்பல் ஊதுவதுபோல ஒரு சத்தம் எழுந்து, சட்டென்று நின்றது. கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. பிறகு இன்னும் கொஞ்சம் ஊதினார். மறுபடியும் நிறுத்தினார்.

“பாவம், மூச்சு முட்டிப்போச்சு!” என்று யாரோ சொல்ல, ஒரே சிரிப்பு. அடுத்த தடவை நின்றபோது முடிந்துவிட்டதென்று எல்லாரும் கைதட்டினார்கள். இந்த மானக்கேடு ஒருவழியாகத் தீர்ந்ததே என்று நானும் தட்டினேன். சித்தப்பா கண்ணை மூடியபடி, குழலிலிருந்து வாயை எடுக்காமலே நின்றார். அப்புறமும் ஊதினார். சேமக்காலை வாசலில் நின்ற அப்பா நிலத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

வீட்டுக்கு நடந்து வருகையில், “ஏன் சித்தப்பா நிண்டு நிண்டு ஊதினனீங்கள்?” என்று கேட்டேன்.

“அது மற்ற மூண்டு பேரும் ஊதுற இடம், பிள்ளை. உன்ர அப்பப்பா தவறிப்போன செய்தி வந்த அண்டைக்கு நாங்கள் நாலு பேரும் மலையில நிண்டு இதைத்தான் ஊதினனாங்கள். அவங்கள் அவரைக் கண்டதே இல்லை. எண்டாலும் ஒருத்தன் விடாம வந்தவங்கள்.”

முன்னால் போய்க்கொண்டிருந்த அப்பா நின்றார். நாங்கள் கிட்டப் போகும்வரை அப்படியே நின்றார். பிறகு சித்தப்பாவின் தோளில் இருந்த துண்டுகளில் பெரியதைப் பிடித்து, “கொண்டாடா, நான் கொண்டுவாறன்” என்றார். சித்தப்பா தோளைத் தாழ்த்திக் கொடுத்தார்.

குழல் நல்ல பாரமாக்கும் என்றுதான் அப்போது நான் நினைத்தேன்.