வேணாம்னு சொன்னா ரெட்டை

கூட வேலை செய்கிறவர்கள் அவருக்கு வைத்த பெயர் சட்டாம்பிள்ளை. லிஃப்ட் மெக்கானிக். பதினாறு வருடத்தில் அவருடைய குழுவில் ஒருத்தருக்கும் ஒரு விரல்கூட நசுங்கியதில்லை. எதற்கெடுத்தாலும் அவரிடம் ஒரு விதி இருக்கும். மெயின் சுவிட்சை அணைத்துப் பூட்டி, சாவியைத் தன் சட்டைப்பையில் போட்டுக்கொண்ட பிறகுதான் லிஃப்ட் குழிக்குள் யாரையும் இறங்க விடுவார். கேபின் கூரைமேல் நிற்கும்போது வெட்டிப்பேச்சு கூடாது. மோதிரம், கடிகாரம் கூடாது. தூங்குவதற்கும் இந்த ஆள் ஒரு விதி வைத்திருப்பார் என்று குழுவிலுள்ள வயர்மேன் கிண்டலடிப்பார். சட்டாம்பிள்ளை சிரித்துக்கொள்வார், ஆனால் அரை அங்குலம் விட்டுக்கொடுக்க மாட்டார்.

அப்படிப்பட்டவர் தன் வீட்டுக் கூடத்தில், சோபாவில் சாய்ந்துகொண்டு போட்ட ஒரு விதியால் ஓர் உயிர் போகப் பார்த்தது.

ஒன்பதாவது மாடியில் இரண்டு அறை வீடு. மனைவிக்கு மருந்துக்கடையில் வேலை. ஞாயிற்றுக்கிழமையும் சாயங்காலம் ஐந்து வரை கடையில் நிற்க வேண்டும். அவளுடைய அண்ணன், திருமணம் முறிந்து, எட்டு மாதத்துக்கு முன்னால்தான் இந்த ஊருக்கு வந்திருந்தார். பேக்கரியில் அடுப்பு வேலை. இரண்டு தெரு தள்ளி ஓர் ஒற்றை அறை. வாயைத் திறந்தால் முத்து உதிர்ந்துவிடும் என்பது போல இருப்பார். தங்கை வீட்டுக்கு வந்தால் செய்தித்தாளை முழுக்கப் படித்துவிட்டுக் கிளம்பிவிடுவார். மச்சான் மச்சான் என்று சட்டாம்பிள்ளை எவ்வளவு பேச்சுக் கொடுத்தாலும் ஒரு தலையாட்டல்தான்.

அந்த ஞாயிற்றுக்கிழமை வேலைக்குக் கிளம்பும்போது மனைவிதான் சொன்னாள். "உங்க ஆளுங்க வர்றாங்கல்ல? அண்ணனையும் கூப்பிடுங்க. நாலு பேரோட சிரிச்சுப் பேசட்டும்."

அப்படித்தான் மதியம் நாலு பேர் சேர்ந்தார்கள். சட்டாம்பிள்ளை, வயர்மேன், கம்பெனி சாமான் அறையைப் பார்த்துக்கொள்ளும் ஸ்டோர்காரர், மச்சான். வீடியோ கேம் ஒன்று ஓடியது. நாலு பேர் ஒன்றாக ஆடுகிற கார் பந்தயம். டிவித் திரை நாலு கட்டமாகப் பிரிந்திருக்கும், ஆளுக்கொரு கட்டம், ஆளுக்கொரு கார். கடலுக்கு மேலே கைப்பிடிச் சுவர் இல்லாத பாலங்கள். கொஞ்சம் அசந்தால் கார் தண்ணீருக்குள். முன்னால் போகிறவனைப் பின்னாலிருந்து இடித்துத் தள்ளவும் செய்யலாம்.

சும்மா ஆடினால் சப்பென்று இருக்கிறது என்றார் ஸ்டோர்காரர். குடியையும் ஆட்டத்தையும் கோத்துவிடலாம் என்று வயர்மேன் சொன்னதும் இருவரும் சட்டாம்பிள்ளையைப் பார்த்தார்கள். விதி என்றால் அவர்தானே. அவருக்கும் கை துறுதுறுத்தது. தண்ணீரில் விழுந்தால் ஒரு மடக்கு. இடி வாங்கினால் ஒரு மடக்கு. கடைசியாக வந்தால் ஒரு கிளாஸ் முழுக்க. கிளாஸ் காலியாகாமல் அடுத்த பந்தயம் கிடையாது.

"இன்னொண்ணு," என்றார். "வேணாம்னு சொன்னா ரெட்டை."

எல்லாரும் கைதட்டினார்கள். மச்சானும் தட்டினார்.

மச்சான் அதுவரை கன்ட்ரோலரைத் தொட்டதில்லை. ரொட்டித் தட்டுகளை இழுத்துக் காய்த்துப்போன விரல்களுக்கு அந்தச் சின்னப் பொத்தான்கள் அகப்படவே இல்லை. முதல் பந்தயத்திலேயே ஏழு தடவை கடலில் விழுந்தார். ஒரு தடவை கார் சுவரைப் பார்த்து நின்றுகொண்டது. இன்னொரு தடவை வந்த வழியே திரும்பி ஓடியது. வயர்மேனுக்குச் சிரித்துச் சிரித்து வயிறு வலித்தது. மச்சானும் சிரித்தார். அவர் வாய்விட்டுச் சிரித்துச் சட்டாம்பிள்ளை பார்த்தது அதுதான் முதல் தடவை. மனைவி வந்ததும் இதைச் சொல்ல வேண்டும் என்று நினைத்துக்கொண்டார்.

மூன்று பந்தயத்தில் பீர் தீர்ந்தது. வயர்மேன் தன் பையிலிருந்து ரம் பாட்டிலை எடுத்தார். கிளாஸ் மாறவில்லை, விதியும் மாறவில்லை. பீருக்குப் போட்ட அளவு ரம்முக்கும் அப்படியே போனது, ஒருவருக்கும் அது உறைக்கவில்லை. மச்சான் அன்று விடியுமுன்னே அடுப்படிக்குப் போனவர், ஒன்பது மணிக்குக் குடித்த டீயோடு சரி என்பதும் அப்போது தெரியாது. ஒரு வார்த்தை கேட்டிருந்தால் தெரிந்திருக்கும்.

ஒரே ஒரு தடவை மச்சான் கிளாஸின் வாயை உள்ளங்கையால் மூடினார்.

"மாப்ள, எனக்குப் போதும்னு தோணுது."

"ரெட்டை, மச்சான்," என்றார் சட்டாம்பிள்ளை.

மச்சான் ஒரு கணம் அவர் முகத்தைப் பார்த்தார். பிறகு கையை எடுத்துவிட்டார். மூன்று பேரும் ஒன்று, இரண்டு என்று எண்ண எண்ண, இரண்டு கிளாஸையும் குடித்து முடித்தார்.

கொஞ்ச நேரத்தில் எழுந்து, சுவரைப் பிடித்துக்கொண்டே உள்ளறைக்குப் போய்ப் படுத்தார். மற்ற மூவரும் இன்னும் இரண்டு பந்தயம் ஓட்டினார்கள். நாலாவது கட்டத்தில் மச்சானின் கார் புறப்பட்ட இடத்திலேயே நின்றுகொண்டிருந்தது.

நாலு பத்துக்குச் சட்டாம்பிள்ளை பாத்ரூம் போகிற வழியில் எட்டிப் பார்த்தார். புளித்த வாடை அடித்தது. மச்சான் மல்லாந்து கிடந்தார். கன்னத்திலும் தலையணையிலும் வாந்தி. மச்சான் என்று கூப்பிட்டார். தோளை உலுக்கினார். காது மடலைக் கிள்ளினார். அசைவே இல்லை. உதடு ஈயம் பூசினாற்போல இருந்தது. கை ஜில்லென்று இருந்தது. தொண்டையிலிருந்து கரகரவென்று ஒரு மூச்சு வந்தது. அடுத்த மூச்சுக்காகக் காத்திருந்தார். லிஃப்ட் கதவு மூட எத்தனை நொடி என்று வேலையில் எண்ணுவது போல மனம் தானாக எண்ணியது. ஒன்பதில் வந்தது. அதற்கடுத்தது பதினொன்றில்.

பயம் அவருக்குப் புதிதல்ல. ஒரு தடவை கூரைமேல் நிற்கும்போது கேபின் ஒரு சாண் நழுவியிருக்கிறது. அந்தப் பயம் சுரீரென்று வந்து கையையும் காலையும் சரியான இடத்துக்கு இழுத்தது. இந்தப் பயம் வேறு ஜாதி. உள்ளே உட்கார்ந்துகொண்டு, கொஞ்சம் பொறு, கொஞ்சம் பொறு என்றது.

கூடத்திலிருந்த இருவரும் வந்து பார்த்தார்கள். ஆம்புலன்ஸைக் கூப்பிடலாம் என்று சட்டாம்பிள்ளை போனை எடுத்தபோது வயர்மேன் அவர் கையைப் பிடித்தார்.

"தூங்கட்டும் விடுப்பா. ரெண்டு மணி நேரத்துல தெளிஞ்சு எழுந்துடுவாரு."

ஸ்டோர்காரருக்குக் கம்பெனிப் பயம். விஷயம் வெளியே போனால் மூன்று பேர் வேலைக்கும் உலை என்றார். முகத்தில் தண்ணீர் அடித்துப் பார்த்தார்கள். தண்ணீர் இமைமேல் வழிந்து காதுக்குள் போனது, இமை அசையவில்லை. இருவர் மேலும் பழியைப் போட்டுவிடலாம்தான். ஆனால் சட்டாம்பிள்ளைக்கு உள்ளுக்குள் வேறொரு கணக்கு ஓடிக்கொண்டிருந்தது. ஐந்தரைக்குத்தான் மனைவி வீடு திரும்புவாள். அதற்குள் மச்சான் எழுந்துவிட்டால் ஒருத்தருக்கும் தெரியவேண்டியதில்லை. போனைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றார்.

எண்ணிக்கை பதினாறைத் தொட்டும் மூச்சு வராதபோது எண்ணை அழுத்திவிட்டார்.

எடுத்தது ஒரு பெண். விலாசம் கேட்டாள். மூச்சு இருக்கிறதா என்று கேட்டாள். ஒருக்களித்துப் படுக்க வையுங்கள், வாயைத் துடையுங்கள், பக்கத்தை விட்டு நகராதீர்கள் என்றாள்.

"நான் லைன்லயே இருக்கேன். அவர் மூச்சு விடும்போதெல்லாம் 'ம்'னு சொல்லுங்க."

அவர் தரையில் மண்டியிட்டு, மச்சானின் மூக்கருகே காதை வைத்துக்கொண்டார். ம். வெகு நேரம் ஒன்றுமில்லை. ம். கூடத்தில் டிவி இன்னும் பாட்டுப் போட்டுக்கொண்டிருந்தது. அணைக்கச் சொல்ல வாய் வரவில்லை, வாயைத் திறந்தால் அடுத்த மூச்சு கேட்காமல் போய்விடும். ம். 'ம்' வரத் தாமதமானபோதெல்லாம் போனில் அந்தப் பெண்ணும் பேசாமல் காத்திருந்தாள்.

பன்னிரண்டு நிமிடத்தில் ஆம்புலன்ஸ்காரர்கள் இரண்டு பேர் மேலே வந்தார்கள். ஸ்ட்ரெச்சர் அந்த லிஃப்டில் நுழையாது என்பது அவருக்கு முன்பே தெரியும், கேபினின் உள்ளளவு அவருக்கு மனப்பாடம். அவர்களும் அதைப் பார்த்துவிட்டு மடக்கு நாற்காலியோடு வந்திருந்தார்கள். மச்சானை அதில் வைத்து வார் போட்டுக் கட்டி, முகத்தில் ஆக்சிஜனை மாட்டினார்கள். வயர்மேன் வெளியே நின்று லிஃப்ட் கதவைப் பிடித்துக்கொண்டார். அது நாலு பேர் லிஃப்ட். நாற்காலியும் சிலிண்டரும் இரண்டு பேரும் ஏறிய பிறகு, சட்டாம்பிள்ளை ஒரு காலை உள்ளே வைத்ததும் எடை அதிகம் என்று பஸ்ஸர் அலறியது.

காலை எடுத்துக்கொண்டார். கதவு மூடியது.

ஒன்பது மாடிப் படிகளையும் ஓடியே இறங்கினார். அந்த இறக்கம்தான் அன்றைக்கு எல்லாவற்றையும்விடப் பெரிய பயம் என்று பிற்பாடு சொன்னார். அதுவரை ஒவ்வொரு மூச்சும் அவர் காதுக்குள் விழுந்துகொண்டிருந்தது. இப்போது தன் மூச்சைத் தவிர ஒன்றும் கேட்கவில்லை. நாலாவது மாடித் திருப்பத்தில் கால் இடறி முழங்காலைச் சிராய்த்துக்கொண்டார். கீழே போய்ச் சேர்ந்தபோது ஆம்புலன்ஸின் பின்கதவு திறந்திருந்தது. உள்ளேயிருந்தவர் சீக்கிரம் ஏறுங்கள் என்று கையாட்டினார். இறந்தவருக்கு இவ்வளவு அவசரப்பட மாட்டார்கள் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு ஏறினார்.

வண்டியிலிருந்து மனைவிக்குப் போன் செய்தார். அண்ணனுக்கு முடியவில்லை, பெரிய ஆஸ்பத்திரிக்கு வந்துவிடு என்றார். என்ன ஆச்சு என்று கேட்டாள்.

"குடிக்க வெச்சுட்டோம்," என்றார். அவள் போனை வைத்துவிட்டாள்.

அவசரப் பிரிவு வாசலில் அவள் மருந்துக்கடைக் கோட்டோடு வந்து நின்றபோதுதான் டாக்டர் வெளியே வந்து விவரம் கேட்டார். என்ன குடித்தார், எவ்வளவு, எப்போது நினைவு தப்பியது, எப்போது போன் செய்தீர்கள். பார்த்ததும் போன் செய்தேன் என்று ஒரே வரியில் முடித்திருக்கலாம். வயர்மேனும் ஸ்டோர்காரரும் மறுத்துப் பேசப் போவதில்லை.

"நாலு பத்துக்குப் பார்த்தேன். நாலு இருபத்தஞ்சுக்குத்தான் போன் பண்ணேன்."

டாக்டர் எழுதிக்கொண்டு உள்ளே போனார்.

"அந்தப் பதினஞ்சு நிமிஷம் என்ன பண்ணீங்க?" என்று மனைவி கேட்டாள்.

"பயந்துட்டு நின்னேன்."

"எதுக்குப் பயம்?"

"உனக்குத்தான்."

அவள் கொஞ்ச நேரம் அவர் முழங்காலில் இருந்த ரத்தத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு தள்ளிப் போய் வேறொரு நாற்காலியில் உட்கார்ந்தாள்.

மச்சானுக்கு அன்று இரவு முழுக்கத் தொண்டைக்குள் குழாய் வைத்திருந்தார்கள். வாந்தி நுரையீரலுக்குள் போயிருந்ததால் காய்ச்சல் நாலு நாள் இறங்கவில்லை. ஐந்தாம் நாள் எழுந்து உட்கார்ந்தார். குரல் கம்மிப்போயிருந்தது. வேண்டாம் என்று எழுந்து போயிருக்கலாமே மச்சான் என்று சட்டாம்பிள்ளை தலையைக் குனிந்தபடி கேட்டார்.

"எழுந்து போயிட்டா அடுத்த வாரம் கூப்பிட மாட்டீங்கன்னு நெனச்சேன் மாப்ள."

சட்டாம்பிள்ளை வெளியே வந்து, தாழ்வாரத்துக் குழாயைத் திறந்துவிட்டு வெகு நேரம் முகம் கழுவினார்.

அவர்கள் பயந்த எதுவும் நடக்கவில்லை. கம்பெனிக்கு விஷயம் போகவில்லை, ஒருவர் வேலையும் போகவில்லை. வயர்மேன் ஒரு தடவை பழங்களோடு வந்து வாசலிலேயே நின்றுவிட்டுப் போனார். ஸ்டோர்காரர் வரவே இல்லை. மச்சான் ஒரு மாதம் தங்கை வீட்டில் இருந்து உடம்பைத் தேற்றிக்கொண்டு பேக்கரிக்குத் திரும்பினார். மனைவி கணவனிடம் அளந்துதான் பேசினாள். சாப்பாடு இருக்கிறது, கேஸ் தீர்ந்துவிட்டது, அவ்வளவுதான்.

மூன்று மாதம் கழித்து, மனைவிக்குக் கடை விடுமுறையான ஒரு ஞாயிற்றுக்கிழமை, பேக்கரி ஆட்கள் மச்சானைக் கேரம் ஆடக் கூப்பிட்டார்கள். அவர் காலையில் போனில் சொன்னபோது தங்கையால் போகாதே என்று சொல்ல முடியவில்லை. சரி என்று வைத்துவிட்டு, போனை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். வெளியே போய்விட்டு வந்த சட்டாம்பிள்ளையும் எதிரே உட்கார்ந்தார். நாலு மணியாயிற்று, ஐந்தாயிற்று. ஒரு போன் போட்டுப் பார்க்கலாமா என்று அவள் கேட்டாள். வேண்டாம், ஆட்டத்தின் நடுவே கூச்சப்படுவார் என்றார் அவர். காலையில் வயிறாரச் சாப்பிட்டிருப்பாரா என்று கேட்டாள். நான் நேரில் போய்ச் சாப்பிட வைத்துவிட்டுத்தான் வந்தேன் என்றார். அது அவளுக்குத் தெரியாது. அவள் தட்டிலிருந்த பிஸ்கட்டை அவர் பக்கம் நகர்த்தினாள்.

ஏழு மணிக்கு மச்சான் வந்தார். நாலு ஆட்டத்திலும் தோற்றுவிட்டதாகவும், கேரம் பலகை கோணல் என்றும் சொன்னார். இரண்டு பேரும் ஏன் விளக்குப் போடாமல் உட்கார்ந்திருக்கிறீர்கள் என்று கேட்டுவிட்டு, கை கழுவப் போனார்.