முகத்தைப் பார்த்தே மனதைச் சொல்வேன்!

போன ஞாயிற்றுக்கிழமை காலை, ஒரு பாக்கெட் நேந்திரம் சிப்ஸும் நிறையப் பயமுமாக, சிங்காநல்லூரில் நண்பர் சிவசாமியின் வீட்டு கேட் முன்னால் நின்றுகொண்டிருந்தேன்.

சிப்ஸ் அவருக்கு. பயம் எனக்கு.

சிவசாமி யார் என்று புதிதாகப் படிப்பவர்கள் கேட்கலாம். ஸ்பின்னிங் மில்லில் மெயின்டனன்ஸ் பார்த்து ரிட்டயர் ஆனவர். குளத்தங்கரையில் தினமும் காலையில் என்னோடு வாக்கிங் வருபவர். நான் பேசுவேன். அவர் தலையாட்டுவார். எங்கள் நட்பின் அமைப்பு அவ்வளவுதான். அதில் எனக்கு ஒரு குறையும் தெரிந்ததில்லை... தெரியாது, இல்லையா? பேசுகிறவன் நான்தானே!

என்ன பேசுவேன்? அங்கேதான் வம்பே. கொஞ்ச காலமாக எனக்கு மனம், பிரக்ஞை, 'நான்' என்பது யார் என்கிற பைத்தியம் பிடித்திருக்கிறது. எனக்குப் பல் வலித்தால் எனக்குத் தெரிகிறது. உங்களுக்கு வலிப்பது எனக்கு எப்படித் தெரியும்? நீங்கள் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு முனகுவதை வைத்து ஊகிக்கிறேன். அடுத்தவர் தலைக்குள் எட்டிப் பார்க்க ஜன்னல் கிடையாதே! தத்துவக்காரர்கள் இதை வைத்துக்கொண்டு காலங்காலமாக மண்டையை உடைத்துக்கொள்கிறார்கள். மனோதத்துவக்காரர்கள் கொஞ்சம் ஆறுதலாகப் பேசுகிறார்கள். கைக்குழந்தை அம்மாவின் முகத்தைப் பார்த்துத்தான் சிரிக்கவே பழகுகிறது, 'நான்' என்று ஒருத்தன் முளைப்பதற்கு முன்பே 'நாம்' வந்துவிடுகிறது என்கிறார்கள்.

இத்தனைக்கும் என்னிடம் ஒரு பதில் தயாராக இருந்தது — சிவசாமி.

ஒரு கல்லூரியில் பேசக் கூப்பிட்டபோது, "என் மனதை அப்படியே புரிந்துகொள்ளும் ஒரு மனிதர் இருக்கிறார். நானும் முகத்தைப் பார்த்தே அவர் மனதைச் சொல்லிவிடுவேன்" என்று மைக்கில் முழங்கினேன். பிள்ளைகள் கைதட்டினார்கள். முடிந்துவிட்டது என்கிற சந்தோஷத்தில் தட்டினார்களோ என்னவோ, எனக்குக் கைதட்டல்தான் கேட்டது.

இந்தக் கர்வத்தோடு இருந்தபோதுதான் கழுத்தில் ஒரு கட்டி வந்தது.

சின்னதுதான். ஆனால், டாக்டர் தொட்டுப் பார்த்துவிட்டு, "எதுக்கும் டெஸ்ட்டுக்கு அனுப்பிடலாம்" என்றார். இந்த 'எதுக்கும்' இருக்கிறதே... ஆளைத் தூங்க விடாத வார்த்தை. மனைவி சுசீலாவிடம் சொல்லவில்லை. கலவரப்படுவாள் என்று நானாகவே அவள் மனதைப் படித்து முடித்திருந்தேன். மறுநாள் வாக்கிங்கில் சிவசாமியிடம் மட்டும் எல்லாவற்றையும் கொட்டினேன். கட்டி, டெஸ்ட், சாவு பற்றிய பயம், எல்லாம். குளத்தைப் பார்த்துக்கொண்டே பேசினேன். நாமக்கோழிகள் நீந்திக்கொண்டிருந்தன. குரல்கூட உடைந்தது.

பேசி முடித்ததும் சிவசாமி தலையை ஆட்டினார்.

"நல்லதுங்க" என்றார்.

அவ்வளவுதான். நடையைத் தொடர்ந்தார்.

ஆகா! நான் சிலிர்த்துப் போனேன். மரணத்தைப் பற்றிச் சொன்னால் 'நல்லதுங்க' என்கிறாரே! எப்பேர்ப்பட்ட மனம்! டெஸ்ட் ரிசல்ட் வந்தது. வெறும் கொழுப்புக் கட்டி, பயம் வேண்டாம் என்றார்கள். சும்மா இருந்திருக்கலாம். இருந்தேனா? இதே பேப்பரில், இதே பத்தியில், 'குளத்தங்கரை நண்பர் ஒருவர்' என்று பெயர் சொல்லாமல், அந்த ஒற்றைச் சொல்லைப் பற்றி உருகி உருகி எழுதிவிட்டேன்.

வாசகர்கள் கொண்டாடினார்கள். ஈரோட்டில் ஒரு மஞ்சள் வியாபாரி 'நல்லதுங்க' என்று போர்டு எழுதிக் கடையில் மாட்டி, போட்டோவே அனுப்பினார்.

வீட்டில் மட்டும் கொண்டாட்டம் இல்லை. "ஏனுங்க, கழுத்துல கட்டின்னு ஊருக்கெல்லாம் பேப்பர்ல சொல்லிப்போட்டு, ஊட்டுல இருக்கறவளுக்குச் சொல்லலீங்களா?" என்றாள் சுசீலா. கத்தவில்லை. அந்த 'ங்க' ஒவ்வொன்றும் ஊசி மாதிரி இறங்கியது. அன்று இரண்டு வேளை எனக்குத் தட்டு வந்தது, பேச்சு வரவில்லை.

அதே வாரத்தில் சிவசாமியும் வாக்கிங் வருவதை நிறுத்திவிட்டார்.

முதல் நாள், உடம்பு சரியில்லை போலிருக்கிறது என்று நினைத்தேன். மூன்றாம் நாள் வாட்ஸ்அப்பில் குட்மார்னிங் ரோஜா அனுப்பினேன். ப்ளூ டிக் வந்தது. பதில் வரவில்லை. ப்ளூ டிக் வந்து பதில் வராதது கோபமா, வருத்தமா, அலட்சியமா? அரைநாள் ஆராய்ந்தேன். கட்டுரையில் அவரை 'சாதாரண மனிதர்' என்று எழுதியிருந்தேன். அதுதான் குத்திவிட்டது என்று முடிவு செய்தேன். முகத்தைப் பார்த்தே மனதைச் சொல்கிறவனுக்கு ப்ளூ டிக் எம்மாத்திரம்!

மன்னிப்புக் கேட்டு வாய்ஸ் மெசேஜ் போட்டேன். நீளமாக. பதில் இல்லை. 'சாதாரணம் என்பதன் தத்துவார்த்தப் பொருள்' பற்றி இன்னொன்று போட்டேன், அதைவிட நீளமாக. அதற்கும் இல்லை.

தனியாக நடந்து பார்த்தேன். குளம் அதேதான், கோழிகளும் அதேதான். ஆனால், பாதிச் சுற்றிலேயே வீட்டுக்குத் திரும்பினேன். இந்த வயதில் ஒரு நண்பரை இழந்தால் புதிதாக இன்னொருவரைச் சம்பாதிக்க முடியுமா, சொல்லுங்கள்? சுசீலாதான் சொன்னாள்: "போனைக் கட்டிட்டு அழுகறதுக்கு, நேர்ல போயிட்டு வாங்க. போறப்ப சிப்ஸ் வாங்கிட்டுப் போங்க, வெறுங்கையோட போகாதீங்க."

அப்படித்தான் போன ஞாயிறு அந்த கேட் முன்னால் நின்றேன்.

சிவசாமியின் மனைவி மரகதம் கதவைத் திறந்தார். "வாங்கண்ணா, வாங்க! உள்ள வாங்க. அக்கா வரலீங்களா?" என்று வழக்கமான உபசாரம். கோபத்தின் சாயல்கூட இல்லை. எனக்கு அதுவே சந்தேகமாக இருந்தது. நம் ஊரில் கோபம் வந்தால்தான் உபசாரம் கூடும்.

"சிவசாமி..." என்று இழுத்தேன்.

"உள்ளதானுங்கண்ணா இருக்காரு. வெளிய வாரதுக்கு வெக்கப்படறாருங்க. நீங்களாச்சும் எடுத்துச் சொல்லுங்க."

வெட்கமா? சாதாரண மனிதர் என்று எழுதியதற்கு வெட்கமா? என் ஆராய்ச்சியில் அது இல்லையே!

சிவசாமி வந்தார். காதுக்குப் பின்னால் புதிதாக ஒரு சின்ன மிஷின். எதிரே உட்கார்ந்து, கையெடுத்துக் கும்பிட்டார். "மன்னிச்சுப் போடுங்க சார்" என்றார்.

நான் கேட்க வேண்டிய மன்னிப்பை அவர் கேட்கிறார்.

"மில்லுச் சத்தத்துலயே இருந்தனுங்களா, காது ரொம்ப நாளாவே மந்தமுங்க. எதுக்க உக்காந்து மொகத்தப் பாத்துப் பேசுனாப் புரிஞ்சுக்குவனுங்க. நடக்கறப்ப நீங்க முன்னால பாத்துட்டே பேசுவீங்க. காத்து வேற. ஒண்ணும் கேக்காதுங்க."

"ஒண்ணுமேவா?"

"ஒண்ணுமேதானுங்க. நீங்க பாட்டுக்கு நல்லாப் பேசிட்டு வருவீங்க. அதுல நிறுத்தி நிறுத்தி 'என்ன சொன்னீங்க'ன்னா மரியாதையா இருக்குமுங்களா? அதுனால, நீங்க நிறுத்துறப்ப ஒரு 'நல்லதுங்க' போடுவனுங்க."

எனக்குத் தலை சுற்றியது. 'ஒரு நல்லதுங்க போடுவனுங்க!' வேறு எந்த ஊரில் இது நடக்கும்? மற்ற ஊர்க்காரர் 'காது கேக்கலை, சத்தமா பேசுய்யா' என்று முதல் நாளே முடித்திருப்பார். கோயமுத்தூர்க்காரர் மரியாதை கருதி ஒரு வருஷம் தலையாட்டுகிறார்.

முதலில் எனக்கு என்ன தோன்றியது என்று உண்மையைச் சொல்லிவிடுகிறேன். பரிதாபம் இல்லை. 'ஐயோ, அத்தனை பேச்சும் வீணா!' என்பதுதான் தோன்றியது.

"அப்ப, கனவும் நனவும் பத்திச் சொன்னது?"

"கேக்கலீங்க."

"நான் யாருன்னு..."

"அதும் கேக்கலீங்க."

உள்ளேயிருந்து மரகதம் சிரிப்பை அடக்குவது கேட்டது. நானும் அசடு வழியச் சிரித்தேன். சிவசாமி சிரிக்கவில்லை.

"கட்டி விசயம் பேப்பர்ல படிச்சுத்தானுங்க தெரிஞ்சுது. உசுருக்குப் பயந்து எங்கிட்டச் சொல்லியிருக்கீங்க. நான் நல்லதுங்கன்னு சொல்லியிருக்கேன். ஊரே அதைப் பாராட்டுது. எனக்கு ரெண்டு நாளுச் சோறு எறங்கலீங்க. எந்த மொகத்தோடங்க உங்க முன்னால வாரது? இவ வருசக்கணக்காச் சொல்லியும் போகாதவன், அப்பறம்தானுங்க காது டாக்டர்கிட்டப் போனேன்."

அவர் கண் கலங்கியது. என் வாய்ஸ் மெசேஜ்களையெல்லாம் என்ன செய்தார் என்று நான் கேட்கவில்லை. அவ்வளவு விவஸ்தை எனக்கும் இருக்கிறது.

ஆனால், ஒன்று மண்டையில் உறைத்தது. அடுத்தவர் மனம் எப்படித் தெரியும் என்று தினமும் ஒரு சுற்று முழுக்கப் பேசினேனே... ஒரே ஒரு நாள் அவரிடம் ஒரு கேள்வி கேட்டுவிட்டுப் பதிலுக்காக நின்றிருந்தால்? 'காலைல என்னங்க டிபன்?' என்று கேட்டிருந்தால்கூடப் போதும். 'நல்லதுங்க' என்று பதில் வந்திருக்கும். குட்டு அன்றைக்கே உடைந்திருக்கும்.

கேட்கவில்லை. தத்துவத்தில் எங்கே டிபன் வருகிறது?

"ஒண்ணுமே கேக்காம தினமும் எதுக்குங்க வந்தீங்க?" என்றேன். யோசித்துப் பார்த்தால், இதுதான் நான் அவரிடம் கேட்ட முதல் உருப்படியான கேள்வி.

அவர் கொஞ்சம் கூச்சத்தோடு சொன்னார்: "பேசறப்ப உங்க மொகம் சந்தோசமா இருக்குமுங்க. பாக்க நல்லா இருக்கும். அன்னைக்கு மட்டும் வாடிக் கெடந்துச்சுங்க. பாத்தனுங்க. என்னன்னு கேக்கோணும்னு நெனச்சேன். காது விசயம் தெரிஞ்சுபோயிருமேன்னு விட்டுப்போட்டேன். தப்பு எம்மேலதானுங்க."

ஒரு வார்த்தைகூடக் காதில் விழாதவர் என் முகத்தைச் சரியாகப் படித்திருக்கிறார். எல்லாம் கேட்கிற நான் அவர் காதைக்கூடப் படிக்கவில்லை.

சிவசாமி நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். மிஷினை ஒருமுறை தொட்டுச் சரிசெய்தார்.

"இப்பச் சொல்லுங்க சார். அன்னைக்குச் சொன்னதை."

வாயைத் திறந்தேன். என்னென்னவோ சொல்லலாம் என்று பார்த்தேன். மரணம், பிரக்ஞை, இருப்பு... ஒன்றும் வரவில்லை. காற்றைப் பார்த்துப் பேசுவது சுலபம். எதிரே ஒருவர் நிஜமாகவே கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தால் நாக்கு ஒட்டிக்கொள்கிறது.

அவர் காத்திருந்தார். பிறகு அவரே மெதுவாகக் கேட்டார்.

"ரொம்பப் பயந்துட்டீங்களாங்க?"

"ஆமாங்க" என்றேன்.

இத்தனை வருஷத்தில் நான் எடிட் செய்யாமல் சொன்ன ஒரே வாக்கியம் அதுவாகத்தான் இருக்கும்.